வழக்குரையும் குளிர்த்தியும்: வாவிக்கரையின் துக்கம்

மட்டக்களப்பு வாவிக்கு இரண்டு கரைகள். ஞாயிறு எழும் பக்கம் எழுவான்கரை. படும் பக்கம் படுவான்கரை. ஏறக்குறைய 56 கிலோமீற்றர் நீண்டு கிடக்கும் இந்த நீரைக் குறுக்கறுத்தே தலைமுறை தலைமுறையாகப் பெண் கொடுத்தலும் கொள்ளலும் நடந்தன; நெல் இக்கரைக்கும் மீன் அக்கரைக்கும் போயின. இழவுச் செய்தியும் அப்படித்தான் போய் வந்தது. மண்முனைத் துறையில் பாலம் திறக்கப்பட்டது 2014ஆம் ஆண்டில். அதற்கு முன்னர் படுவான்கரையில் ஒருவர் கண்ணை மூடினால் எதிர்க்கரை உறவினர் தோணியிலோ படகுப் பாதையிலோ ஏறி வந்துதான் முகம் பார்க்க வேண்டும். அவர்கள் வந்து சேரும் வரை பிரேதம் காத்திருக்கும்.

நேயர்களே, இந்தக் காத்திருப்பிலிருந்தே இன்றைய பேச்சைத் தொடங்கலாம் என்று எண்ணுகிறேன். துக்கம் என்றால் ஒருவர் நெஞ்சுக்குள் நிகழும் நோவு என்றே நாம் இப்போது கருதிப் பழகிவிட்டோம். மட்டக்களப்பாரின் பழைய வாழ்வில் அது அவ்வாறு இருக்கவில்லை. துக்கம் அங்கே ஒரு வேலை. பலர் கூடி, பங்கு பிரித்து, நாள் குறித்துச் செய்து முடிக்கும் வேலை. அந்த வேலை நடைபெறுவதற்கு முதலில் ஒரு பிரேதம் வேண்டும். அடுத்ததாக ஒரு நாள் தெரிய வேண்டும். இவ்விரண்டும் இல்லாமற் போன ஒரு காலத்தை இந்த மண் கண்டது. அப்போது அதன் துக்கம் எங்கே போயிற்று என்பதுதான் என் கேள்வி.

முதலில் செத்தவீட்டைப் பார்ப்போம். மட்டக்களப்பின் சமூக அமைப்புத் தாய்வழிக் குடிமுறையின் மேல் நிற்பது. பிள்ளை தாயின் குடியைச் சேரும். கோயிலில் வண்ணக்கர் பதவி குடிவழியாக வரும். முஸ்லிம் மக்களிடமும் இந்தக் குடிமுறை உண்டு. பள்ளிவாசல் மரைக்காயர்மாரும் குடியின் பெயராலேயே இடம் பெற்றார்கள். சீதனமாக வீடு மகளுக்குப் போகும். மருமகன் அந்த வீட்டுக்கு வந்து வாழ்வான். ஆகவே ஒரு வளவிலும் அதன் அயல் வளவுகளிலும் தாயும் பெண்மக்களும் தாயின் சகோதரிகளும் அடுத்தடுத்து வாழ்வார்கள். செத்தவீட்டில் தோளோடு தோள் கட்டிக்கொண்டு வட்டமாக இருந்து அழுகின்ற பெண்களைப் பாருங்கள். அயலூரிலிருந்து சடங்குக்காக வந்து கூடியவர்கள் அல்லர் அவர்கள். நேற்று வரை ஒரே கிணற்றில் தண்ணீர் அள்ளியவர்கள்.

அந்த வட்டத்தில் எழுவதுதான் ஒப்பு. ஒப்பாரி என்று ஏட்டில் எழுதுகிறோம். ஒப்புச் சொல்லி அழுதல் என்பது ஊர்ப் பேச்சு. இறந்தவரைப் பொன்னுக்கும் மணிக்கும் ஒப்பிட்டுப் பாடுவது என்று பாடப்புத்தகங்கள் இதற்குப் பொருள் கூறும். அது பாதி உண்மை. ஒப்பில் புகழ்ச்சி உண்டு என்பது சரி. அதே அளவுக்கு முறைப்பாடும் உண்டு. வாழ்ந்த காலத்தில் வாய் திறந்து சொல்ல இயலாதவற்றை ஒரு பெண் பிரேதத்தின் தலைமாட்டிலிருந்து சொல்லுவாள். எனக்கு வரவேண்டிய வயலை யார் பிடித்தார், நோயில் கிடந்தவரை யார் எட்டிப் பார்க்கவில்லை, என்னைத் தனியே விட்டுப் போக உனக்கு எப்படி மனம் வந்தது என்று கேட்பாள். சபையில் இருக்கும் ஆண்கள் கேட்காதவர்கள் போல வெற்றிலை மடிப்பார்கள், ஆனால் கேட்பார்கள். அழுகின்ற பெண்ணை இடைமறிப்பது முறையல்ல. ஊர் மன்றத்தில் அவளுக்குப் பேச இடமில்லாத காலத்திலும் இந்த மன்றத்தில் இடமிருந்தது.

பறைமேளம் பற்றி இங்கே ஒரு வார்த்தை சொல்லாமல் மேலே போக இயலாது. வண்ணார் வந்து வெள்ளை கட்டுவதும், நாவிதர் தம் கடமை செய்வதும், பறை முழங்குவதும் பழைய செத்தவீட்டின் இன்றியமையாத அங்கங்கள். இவற்றைச் செய்தவர்கள் சாதியின் பெயரால் தாழ்த்தப்பட்டவர்கள். அக்கரைப்பற்றில் நெடுங்காலம் ஆய்வு செய்த அமெரிக்க மானிடவியலாளர் டெனிஸ் மக்கில்வ்ரே இந்தப் பறைமேளக்காரரைப் பற்றி 1983இல் ஒரு தனிக் கட்டுரையே எழுதினார். பிற்காலத்தில் அவர்களின் இளந்தலைமுறையினர் பலர் செத்தவீட்டுக்குப் பறை அடிக்க மாட்டோம் என்று நிறுத்திக்கொண்டார்கள். பேராசிரியர் சி. மௌனகுருவும் கலாநிதி சி. ஜெயசங்கரும் கிழக்குப் பல்கலைக்கழகச் சூழலில் பறைமேளத்தைக் கலையாக அரங்கேற்ற முயன்றபோது, இதை வாழ வைப்பதா விட்டொழிப்பதா என்ற விவாதம் சூடாகவே நடந்தது. மரபு போகிறதே என்று வருந்துகிறவர்கள் உண்டு. என் கருத்து வேறு. ஒரு வீட்டின் துக்கத்துக்கு மரியாதை செய்ய இன்னொரு வீட்டின் மரியாதையை விலையாகக் கேட்ட ஏற்பாடு அது. அடிக்க மறுத்தவர் செய்தது நியாயம். விரும்பிக் கற்று, விரும்பிய இடத்தில் அடிக்கிறவரின் பறை வேறு, அதைக் கேட்கலாம்.

இனி நாள்கள். பிரேதத்தைப் புதைப்பதே இங்கு பெரும்பான்மை வழக்கு. எட்டாம் நாள், முப்பத்தோராம் நாள், ஆண்டுத் திதி என்று கணக்கு உண்டு. முஸ்லிம் வீடுகளில் நாற்பதாம் நாள் கத்தம் ஓதுவார்கள். கணவனை இழந்தவள் நாலு மாதமும் பத்து நாளும் இத்தா இருப்பாள். யப்பானிய பௌத்தர்கள் ஏழு ஏழு நாளாக எண்ணி நாற்பத்தொன்பதாம் நாளில் பெரிய சடங்கைச் செய்கிறார்கள். கணக்கு வேறு, நோக்கம் ஒன்றே: அழுகைக்கு ஒரு தொடக்கமும் ஒரு படியிறக்கமும் வகுத்துக் கொடுப்பது. எந்தக் கணக்காயினும் முதல் நாள் தெரிந்தாக வேண்டும்.

மட்டக்களப்பின் துக்க மரபைப் பேசுகிறவர் கண்ணகியைத் தவிர்க்க முடியாது. காரைதீவு, தம்பிலுவில், கல்லாறு, செட்டிபாளையம், மகிழடித்தீவு, வந்தாறுமூலை எனப் பல ஊர்களில் அம்மனுக்குக் கோயில்கள் இருக்கின்றன. பலவற்றில் வைகாசியில் மட்டுமே கதவு திறக்கும். கப்புகனாரோ கட்டாடியாரோ சடங்கு நடத்த, இரவிரவாகக் கண்ணகி வழக்குரை படிக்கப்படும், இறுதியில் குளிர்த்தி. வழக்குரை ஏடுகளை ஒப்புநோக்கிப் பதிப்பித்தவர் பண்டிதர் வி.சீ. கந்தையா. அவருடைய பதிப்பு 1968இல் வெளிவந்தது. மட்டக்களப்புத் தமிழகம் என்ற அவருடைய நூலை இந்தப் பக்கத்தின் வாசகர்கள் அறிவார்கள்.

சிலப்பதிகாரத்தைப் படித்தவர்கள் வழக்குரையின் பிற்பகுதிக் காதைகளின் வரிசையைச் சற்று நின்று கவனிக்க வேண்டும். கொலைக்களக் காதை, உயிர்மீட்புக் காதை, வழக்குரைத்த காதை, குளிர்ச்சிக் காதை. இளங்கோவடிகளிடத்தும் வெட்டுண்ட கோவலன் ஒரு கணம் எழுந்து, கண்ணகியின் கண்ணீரைத் துடைத்துவிட்டுப் போகிறான். அந்தக் கணத்தை ஈழத்து மக்கள் ஒரு காதையாக வளர்த்துக்கொண்டார்கள். சிங்கள மக்கள் பத்தினியாகப் போற்றுவதும் இவளைத்தான். பேராசிரியர் கணநாத் ஒபயசேகர 1984இல் வெளியிட்ட பத்தினி வழிபாடு பற்றிய பெருநூலில், கொல்லப்பட்ட கணவனை அவள் உயிர்ப்பிக்கும் சடங்கு நாடகத்தை விரிவாக எழுதியிருக்கிறார். மரா இபத்தீம என்பது அதன் பெயர். கொன்று பின் பிறப்பித்தல் என்று பொருள். மொழியால் பிரிந்த இரு மக்களும் இந்தக் கதையில் அழுத்தம் கொடுத்த இடம் ஒன்றாக இருக்கிறது.

கண்ணகி உடலைக் காண்கிறாள். கட்டிப் புலம்புகிறாள். அதன் பின்பு மாரடித்துக்கொண்டு வீட்டில் இருந்துவிடவில்லை; சிலம்பைக் கையில் எடுத்துக்கொண்டு அரசனிடம் போகிறாள். மட்டக்களப்பார் இந்தக் காவியத்துக்குக் கண்ணகி புலம்பல் என்று பெயரிடவில்லை, வழக்குரை என்றார்கள். வழக்கு உரைக்கப்பட்டு, தீர்ப்பு நிறைவேறி, ஊர் எரிந்த பிறகே இடைக்குலத்தவர் வேண்ட அவள் குளிர்கிறாள். துக்கத்தின் முறை இதுதான் என்று ஊர் தன் பிள்ளைகளுக்கு ஆண்டுதோறும் வைகாசியில் சொல்லிக்கொடுத்து வந்தது: உடல், அழுகை, வழக்கு, அதன் பின் குளிர்த்தி. இந்த வரிசையில் ஒன்றைத் தாண்டி மற்றொன்றுக்குப் போக முடியாது.

1990ஆம் ஆண்டு இந்த வரிசை முறிந்தது.

அந்த ஆண்டின் சில நாள்களை மட்டும் நினைவூட்டுகிறேன். யூலை 12ஆம் திகதி கல்முனையிலிருந்து காத்தான்குடி நோக்கி வந்துகொண்டிருந்த முஸ்லிம் பயணிகள் குருக்கள்மடத்தில் விடுதலைப் புலிகளால் மறிக்கப்பட்டுக் கொல்லப்பட்டார்கள். ஓகஸ்ட் 3ஆம் திகதி காத்தான்குடியின் இரு பள்ளிவாசல்களில் தொழுகையில் நின்ற நூற்றுக்கு மேற்பட்டோர் புலிகளால் சுடப்பட்டார்கள். செப்டெம்பர் 5ஆம் திகதி வந்தாறுமூலையில், கிழக்குப் பல்கலைக்கழக வளாகத்தில் அகதிகளாகத் தங்கியிருந்த மக்களிடையே இராணுவத்தினர் 158 பேரைப் பிரித்து ஏற்றிச் சென்றார்கள். அவர்கள் திரும்பவில்லை. நான்கு நாள் கழித்துச் சத்துருக்கொண்டானிலும் அயல் கிராமங்களிலும் இருந்து குழந்தைகள், கர்ப்பிணிகள், முதியோர் என்று 184 பேர் இராணுவ முகாமுக்குக் கொண்டுசெல்லப்பட்டுக் கொல்லப்பட்டார்கள். மறு ஆண்டு யூன் 12ஆம் திகதி மகிழடித்தீவு. கண்ணகி கோயில் ஊர்கள் என்று மேலே நான் சொன்ன பட்டியலில் இரண்டு பெயர்கள் இங்கே மீண்டும் வந்துவிட்டதை நேயர்கள் கவனித்திருப்பீர்கள்.

இவற்றிடையே ஒரு வேறுபாடு உண்டு. காத்தான்குடியில் ஜனாஸாக்கள் ஊருக்குக் கிடைத்தன. அடக்கம் நடந்தது, ஓகஸ்ட் 3 ஆண்டுதோறும் சுஹதாக்கள் தினமாக நினைவுகூரப்படுகிறது. குருக்கள்மடத்தில் அவ்வாறில்லை. மண்ணுக்குள் கிடப்பவர்களைத் தோண்டி எடுத்து மார்க்க முறைப்படி அடக்கம் செய்யத் தாருங்கள் என்று குடும்பத்தவர் பல்லாண்டுகளாகக் கேட்டார்கள். விஷயம் நீதிமன்றம் வரை போயிற்று. வந்தாறுமூலையில் ஏற்றிச் செல்லப்பட்டவர்களுக்கோ மண் எது என்பதே தெரியாது.

ஆடி அமாவாசை இந்த வேறுபாட்டை எந்தச் சட்டநூலையும் விடத் தெளிவாகக் காட்டும். அன்று அமிர்தகழி மாமாங்கேஸ்வரர் ஆலயத்தில் தீர்த்தம். தகப்பனை இழந்தவர்கள் விரதமிருந்து, குளக்கரையில் எள்ளும் தண்ணீரும் இறைப்பார்கள். தகப்பன் உயிரோடிருக்கும் பிள்ளைக்கு அந்த விரதம் இல்லை. 1990இல் தந்தையை வண்டியில் ஏற்றிப் போகக் கண்ட பத்து வயதுப் பிள்ளையை எண்ணிப் பாருங்கள். அவனுக்கு இருபது வயதாகிறது, முப்பது வயதாகிறது. ஆடி வருகிறது. குளத்துக்குப் போனால் அப்பா இறந்துவிட்டார் என்று தன் வாயால் சொன்னதாகும். போகாமல் விட்டால், ஒருவேளை அவர் இல்லையென்றால், ஒரு கை தண்ணீருக்கு அவரைக் காத்திருக்க வைத்ததாகும். வீட்டிலே தாய் குங்குமப் பொட்டோடு இருக்கிறாள். மகன் குளத்துக்குப் போனால் அவள் பொட்டின் கதி என்ன? ஐயர் திதி கேட்டால் எந்தத் திதியைச் சொல்வது? கொண்டுபோன நாள் தெரியும், செத்த நாள் தெரியாது. எதிர் ஊரில் முஸ்லிம் பெண்ணுக்கும் இதே கேள்வி: இத்தாவின் முதல் நாள் எது?

தெரியாததை யாரிடம் கேட்பது? முகாம்களில் கேட்டார்கள், பதில் இல்லை. அம்மனிடம் கேட்டார்கள். தொண்ணூறுகளில் மட்டக்களப்பில் தங்கி ஆய்வு செய்த அமெரிக்க மானிடவியலாளர் பற்றீசியா லோரன்ஸ் இதைக் கூர்ந்து பதிவு செய்திருக்கிறார். அக்காலத்தில் காளி, மாரி, கண்ணகி கோயில்களில் தெய்வமேறி வாக்குச் சொல்பவர்களிடம் கூட்டம் பெருகியது. புன்னைச்சோலைக் காளி கோயில் அவற்றில் ஒன்று. தாய்மார் காணாமற் போன பிள்ளையின் பெயரைச் சொல்லி நிற்பார்கள். உயிரோடு இருக்கிறானா, அடைத்து வைத்திருக்கிறார்களா, இல்லையா என்று வாக்கு வரும். தெய்வமேறியவர் சித்திரவதைப் பட்டவனின் நோவைத் தன் உடம்பிலேயே பட்டுத் துடிப்பதும் உண்டு. வெளியே வாய் திறந்து பேச முடியாத காலம் அது. தேரில்லாத சின்னக் கோயிலின் மணல் முற்றத்தில் மட்டும் பெயரை உரக்கச் சொல்ல முடிந்தது.

இதை மூடநம்பிக்கை என்று தள்ளிவிடக் கூடியவர்கள் நம்மிடையே உண்டு. அவர்களுக்காக ஒரு வெளிநாட்டுச் செய்தி. வட யப்பானில் அவோமோரி மாநிலத்தில் ஒசோரேசான் என்றொரு மலை. கந்தகப் புகையும் சாம்பல் நிறப் பாறைகளும் ஏரியும் கொண்ட இடம். யூலை மாதத் திருவிழாவில் இத்தாக்கோ எனப்படும் பெண்கள் அங்கே இறந்தவர்களை அழைத்து அவர்கள் குரலில் பேசுவார்கள். பார்வையிழந்த பெண்கள் சிறு வயதிலிருந்தே பயின்று ஏற்கும் தொழில் அது. இன்று மிகச் சிலரே எஞ்சியிருக்கிறார்கள். விஞ்ஞானத்தில் முன்னிற்கும் நாட்டில்தான் இது. 2011 மார்ச் 11 கடற்கோளின் பின், ஓட்சுச்சி என்ற கரையோர ஊரில் ஒருவர் தம் தோட்டத்தில் வைத்திருந்த, இணைப்பே இல்லாத தொலைபேசியில் இறந்தவர்களோடும் காணாமற் போனவர்களோடும் பேச ஆயிரக்கணக்கானோர் தேடிப் போனார்கள். காற்றுத் தொலைபேசி என்று அதற்குப் பெயர்.

இரண்டையும் ஒன்றென்று சொல்ல வரவில்லை. இத்தாக்கோவிடம் போகிறவர் தம்மவர் இறந்தது அறிந்து போகிறார். அவர் குரலைக் கேட்பதே அவர் தேவை. மட்டக்களப்புத் தாய் அதற்கு ஒரு படி முன்னே நின்றாள். இறந்தானா என்பதே அவள் கேள்வி. குறிசொல்லும் வாக்கு அவளுக்குச் சாட்சி அறிக்கையின் இடத்தில் இருந்தது. அறிக்கை தர வேண்டியவர்கள் தரவில்லை, தெய்வம் தந்தது.

கடற்கோள் நமக்கும் வந்தது. 2004 டிசெம்பர் 26 காலையில் நாவலடி, டச்பார், கல்லடிக் கரையோரம் சில நிமிடங்களில் அழிந்தது. மாவட்டத்தில் 2,500 பேருக்கு மேல் இறந்தார்கள். கல்லடித் திருச்செந்தூர் முருகன் கோயிற் கோபுரம் சரிந்து நின்றது. உடல் கிடைக்காதவர்கள் அப்போதும் உண்டு. கிடைத்த உடல்களையும் முறைப்படி அடக்க அவகாசம் இருக்கவில்லை. ஆயினும் நாள் எல்லோருக்கும் தெரியும். கொண்டுபோனது எது என்று தெரியும். டிசெம்பர் 26இல் நாவலடிக்குப் பூவோடு போகிறவரின் கண்ணீரில் அந்தச் சந்தேகம் இல்லை. 2019 ஏப்ரல் 21இல் சீயோன் தேவாலயத்தில் பிள்ளைகளைப் பறிகொடுத்தவர்களுக்கும் நாள் இருக்கிறது, கல்லறை இருக்கிறது, அவர்கள் கேட்கும் வழக்கு இன்னொரு வகை.

வழக்கைப் பற்றித்தான் கடைசியாகச் சொல்ல இருக்கிறது. சிலம்போடு போனவளின் பேத்திமார் படத்தோடு போனார்கள். எண்பதுகளின் நடுவிலேயே மட்டக்களப்பில் அன்னையர் முன்னணி அமைந்துவிட்டது. அதைச் சேர்ந்த பூபதி அம்மா 1988 மார்ச் 19ஆம் திகதி உண்ணாவிரதம் தொடங்கி ஒரு மாதத்தின் பின் உயிர் துறந்தது, எள்ளும் தண்ணீரும் இறைக்கும் அதே மாமாங்கத்தில். பின்னர் ஆணைக்குழுக்கள் பல வந்தன. மகிழடித்தீவுக்கென்றே ஒரு ஜனாதிபதி ஆணைக்குழு அமைந்தது. பெண்கள் சாட்சியம் சொன்னார்கள், எழுதிக்கொண்டார்கள்.

2010ஆம் ஆண்டின் 19ஆம் இலக்கச் சட்டம் காணாமற் போனவருக்கு மரணப் பத்திரம் பெற வழி செய்தது. பல தாய்மார் அதை வாங்க மறுத்தார்கள். நட்டஈட்டுக்கும் காணி உறுதிக்கும் வங்கிக் கணக்குக்கும் அது தேவை என்று அதிகாரிகள் சொன்னார்கள். அதிலும் உண்மை இருந்தது, வாங்கியவர்களைக் குறை கூறலாகாது. 2016இல் அச்சட்டம் திருத்தப்பட்டு, இறந்ததாகச் சொல்லாமல், இல்லை என்று மட்டும் சான்று பகரும் இன்னொரு பத்திரம் வந்தது. அதே ஆண்டில் காணாமற்போன ஆட்கள் பற்றிய அலுவலகத்துக்கான சட்டமும் நிறைவேறியது. 2018இல் அலுவலகம் செயற்படத் தொடங்கியது. உயிரோடிருப்பவருக்கும் இறந்தவருக்கும் நடுவில் மூன்றாவதாக ஒரு நிலை உண்டு என்று அரசாங்கம் தாளில் ஒப்புக்கொள்ள இருபத்தாறு ஆண்டுகள் சென்றன. கோயில் முற்றத்தில் அது முன்னரே தெரிந்திருந்தது.

வந்தாறுமூலையில் செப்டெம்பர் 5ஆம் திகதிகளில் உறவினர்கள் கூடுவதுண்டு. படங்களிலுள்ள இளைஞர்களுக்கு வயது ஏறவில்லை, பிடித்திருப்பவர்கள் கிழவிகளாகிவிட்டார்கள். அந்த 158 பேரின் தாய்மாரில் எத்தனையோ பேர் இதற்குள் இறந்துவிட்டார்கள். அவர்களுக்கு எட்டும் முப்பத்தொன்றும் முறைப்படி நடந்தன, திதி இருக்கிறது. ஒப்புச் சொன்ன பெண்கள், தலைமாட்டில் இருந்து, இனி உன் மகனை யார் தேடுவார் என்று கேட்டிருப்பார்கள். படங்களை அடுத்த தலைமுறைப் பெண்மக்கள் எடுத்து வைத்துக்கொண்டார்கள். தாய்வழிக் குடியில் வீடும் வளவும் போகும் வழியாகவே அவையும் போயின.

வைகாசியில் அந்த ஊரின் கண்ணகி கோயிற் கதவும் திறக்கும். வழக்குரை படிப்பார்கள், குளிர்த்தி பாடுவார்கள், வேப்பிலையும் மஞ்சள் நீருமாக அம்மனைக் குளிர்விப்பார்கள்.